வீட்டு ரேம்பில் ஏறி ஆட்டுரலில் இடிக்காமல் நிற்கும் ஆட்டோமேட்டிக் எது?

மீனாட்சிபுரத்துக்காரன்:

வணக்கம். 2012-இல் வாங்கிய எங்கள் சின்ன காரை மாற்றப் போகிறோம். அடுத்த வண்டி கொஞ்சம் உயரமாகவும் ஆட்டோமேட்டிக்காகவும் இருக்க வேண்டும் என்பதில் வீட்டில் எல்லாருக்கும் ஒரே கருத்து. எங்கள் வீட்டில் இது அபூர்வம்.

உயரம் அப்பாவுக்காக. 76 வயது, இரண்டு முழங்காலும் ஒத்துழைப்பதில்லை. தாழ்ந்த சீட்டிலிருந்து அவரை எழுப்பி வெளியே கொண்டுவர இரண்டு ஆள் வேண்டியிருக்கிறது. ஆட்டோமேட்டிக் என் மனைவிக்காக. நான் முக்கூடலுக்கு பஸ்ஸில் வேலைக்குப் போகிறவன், தினமும் காரை ஓட்டுவது அவள்தான். காலை எட்டே முக்காலுக்கு திருநெல்வேலி சுலோச்சனா முதலியார் பாலத்தைத் தாண்டி பாளையங்கோட்டையில் பள்ளிக்கூடம். சாயங்காலம் மகளை டியூஷனில் விட ஈரடுக்குப் பாலம் ஏறி டவுன். முதல் பாலம் 1843-இல் கட்டியது. அன்றைக்கு மாட்டுவண்டி போன வேகத்தில்தான் இன்றைக்கும் அதில் போகிறோம். கிளட்சை மிதித்து மிதித்து அவளுக்கு இடது ஆடுசதை ராத்திரியில் இழுக்கிறது.

இது வரை எல்லாருக்கும் உள்ள கதைதான். எங்கள் வீட்டுக்கென்று ஒரு தனிச் சிக்கல் இருக்கிறது. அப்பா 1992 வெள்ளத்தைப் பார்த்தவர். அதற்கப்புறம் வீடு கட்டியதால், கொத்தனார் வேண்டாம் என்று சொல்லியும் கேட்காமல் தெருவிலிருந்து மூன்றடி உயர்த்திக் கட்டினார். 2023 டிசம்பரில் தெருவில் தொடையளவு தண்ணீர் ஓடியபோது எங்கள் வாசலுக்கு ஒரு படி கீழேயே நின்றுவிட்டது. அன்றிலிருந்து கட்டட விஷயத்தில் அவரை யாரும் எதிர்த்துப் பேசுவதில்லை. ஆனால் அந்த மூன்றடிக்குக் காரை ஏற்ற இருக்கும் ரேம்ப் மொத்தமே பதினாலு அடி. ஏறியதும் போர்டிகோ. போர்டிகோவின் கடைசியில் அம்மாவின் ஆட்டுரல். பின்சக்கரம் ரேம்பை விட்டுச் சமதளத்துக்கு வர வேண்டுமென்றால் வண்டியின் மூக்கு ஆட்டுரலுக்கு ஒரு சாண் வரை போயாக வேண்டும். மேனுவலில் அரை கிளட்சில் மூச்சைப் பிடித்துக்கொண்டு ஏற்றுவோம். கருகல் வாசனை அடுப்படி வரைக்கும் வரும். இதுவரை இரண்டு கிளட்ச் பிளேட் மாற்றியாகிவிட்டது.

போன வாரம் அலுவலக நண்பரின் ஏஎம்டி வகை ஆட்டோமேட்டிக் வண்டியை ஏற்றிப் பார்த்தோம். பிரேக்கிலிருந்து காலை எடுத்தால் ஏறவில்லை, பின்னால் நழுவப் பார்த்தது. ஆக்சிலேட்டரைக் கொஞ்சம் அமுக்கினால் ஒரு நொடி யோசித்தது. இன்னும் கொஞ்சம் அமுக்கினதும் ஒரே தாவு. ஆட்டுரலுக்கு ஒன்றும் ஆகவில்லை. நண்பரின் நம்பர் பிளேட்தான் மடங்கிப் போனது. அவர் சிரித்துக்கொண்டேதான் போனார், ஆனால் டீ குடிக்கவில்லை.

இப்போது கையில் இரண்டு கொட்டேஷன் இருக்கிறது. ஏஎம்டி வண்டி ஷோரூம் விலை 9.85 லட்சம், டார்க் கன்வெர்ட்டர் என்ற இன்னொரு வகை ஆட்டோமேட்டிக் 10.70 லட்சம். வித்தியாசம் 85 ஆயிரம்தானே என்று நினைத்தேன். சாலை வரியைப் போட்டுப் பார்த்தால் தலை சுற்றியது. ஐந்திலிருந்து பத்து லட்சம் வரை 13 சதவீதம், தாண்டினால் 18. முதல் வண்டிக்கு 1,28,050 ரூபாய், இரண்டாவதற்கு 1,92,600. ஆக மொத்தம் ஒன்றரை லட்சம் வித்தியாசம். பதினாலு அடி ரேம்புக்காக ஒன்றரை லட்சம் கொடுக்கலாமா? சிவிடி, டிசிடி என்று வேறு வகைகளும் சொல்கிறார்கள். ஷோரூமில் கேட்டால் எல்லாமே "ஸ்மூத்தா இருக்கும் சார்". தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.


அம்பைக்காரன்:

ஏஎம்டிக்காரன் ஒருவனாவது பேச வேண்டாமா, அதனால் எழுதுகிறேன். நாலு வருடம், 52 ஆயிரம் கிலோமீட்டர். கிளட்ச் இன்னும் பழையதுதான். மைலேஜ் மேனுவலுக்குச் சமம். சில நாள் என்னைவிட அது நன்றாகவே கியர் மாற்றுகிறது.

ஏஎம்டியை ஆட்டோமேட்டிக் என்று நினைத்து ஓட்டினால் கோபம்தான் வரும். உள்ளே கண்ணுக்குத் தெரியாத ஒரு டிரைவர் உட்கார்ந்து கிளட்சை மிதிக்கிறான் என்று நினைத்துக்கொள்ளுங்கள். அவன் கியர் மாற்றும் நேரத்தில் நீங்கள் ஆக்சிலேட்டரைக் கொஞ்சம் தளர்த்த வேண்டும். இந்தத் தாளம் பிடிபட்டுவிட்டால் தலையாட்டம் முக்கால்வாசி போய்விடும். சொரிமுத்து அய்யனார் எங்கள் குலதெய்வம், வருடத்துக்கு மூன்று தடவையாவது பாபநாசம் செக்போஸ்ட் தாண்டிக் காரையாறு பக்கம் ஏறுகிறோம். வளைவுக்கு முன்னாலேயே மேனுவல் மோடில் இரண்டாவது கியருக்குத் தள்ளிவிடுவேன். ஒரு தொந்தரவும் இல்லை.

உங்கள் ரேம்புக்கு ஒரு வழி சொல்கிறேன். ஹேண்ட் பிரேக்கைப் போடுங்கள். ஆக்சிலேட்டரை மெல்ல அமுக்குங்கள். வண்டி முன்னால் போகத் திமிறுவது தெரியும், அப்போது ஹேண்ட் பிரேக்கை மெல்ல விடுங்கள். பின்னால் உருளாது. ஆனால் நேர்மையாகச் சொல்ல வேண்டுமென்றால், ஒரு சாண் இடைவெளியில் போய் நிறுத்துவதற்கு அந்த வித்தை போதாது. என் வீடு சமதளம். ஆட்டுரலும் கிடையாது.


பட்டறை அண்ணாச்சி:

தம்பி, தச்சநல்லூரில் 22 வருடமாகப் பட்டறை வைத்திருக்கிறேன். ஷோரூம்காரன் சொல்வதை விடும். வண்டிக்கு உள்ளே என்ன இருக்கிறது என்று பாரும்.

ஏஎம்டி என்றால் உம்ம பழைய வண்டியின் கியர்பாக்ஸேதான். அதே கிளட்ச் பிளேட். மிதிப்பதற்கு மட்டும் ஒரு மோட்டாரும் கம்ப்யூட்டரும் வைத்திருக்கிறான். சமதளத்தில் பிரேக்கை விட்டால் வண்டி ஊர்கிறதே, அது அரை கிளட்ச் வேலை. ஏற்றத்தில் அப்படிப் பிடித்துக்கொண்டே இருந்தால் பிளேட் தீயும் என்று கம்ப்யூட்டருக்குத் தெரியும், அதனால் விட்டுவிடும். ஏற்றத்தில் நழுவாமல் பிடிக்கும் ஹில் ஹோல்டு இருந்தாலும் இரண்டு நொடிதான் பிடிக்கும். அந்த ஒரு நொடி யோசனையும் ஒரே தாவும் அங்கேயிருந்து வருவதுதான். உம்ம நண்பர் மேல் தப்பில்லை, வண்டி மேலும் தப்பில்லை. அதன் பிறப்பு அப்படி.

டார்க் கன்வெர்ட்டரில் அந்த இடத்தில் கிளட்ச் பிளேட்டே கிடையாது. இரண்டு டேபிள் பேனை எதிரெதிரே வைத்து ஒன்றுக்கு மட்டும் சுவிட்சைப் போடும். காற்று பட்டு மற்றதும் சுற்றும். மற்றதைக் கையால் பிடித்து நிறுத்தினாலும் முதல் பேனுக்கு ஒன்றும் ஆகாது. இதில் காற்றுக்குப் பதிலாக ஆயில், அவ்வளவுதான். வண்டி கிட்டத்தட்ட நிற்கும் நிலையில் இன்ஜினின் இழுவையைக் கூட்டியும் கொடுக்கும். உம்ம ரேம்புக்கு வேண்டியது அதுதானே. ஆக்சிலேட்டரை லேசாகத் தொட்டால் இஞ்ச் இஞ்சாக ஏறும். பெட்ரோல் கொஞ்சம் கூடக் குடிக்கும், அதை ஒத்துக்கொள்ளத்தான் வேண்டும்.

சிவிடியில் பல்சக்கரக் கியர் அடுக்கு இல்லை. கூம்பு மாதிரி இரண்டு கப்பி, நடுவில் எஃகு பெல்ட். கப்பி விரிந்து சுருங்கும், பெல்ட் ஏறி இறங்கும். மாற்றுவதற்குக் கியரே இல்லை, அதனால் குலுக்கலும் இல்லை. நம் ஊரில் விற்கிற சிவிடிகளில் பெரும்பாலானவை முன்னால் ஒரு டார்க் கன்வெர்ட்டரை வைத்துத்தான் கிளம்புகின்றன. ஆகவே ஏற்றத்தில் ஊர்வது இதுவும் நன்றாகவே செய்யும். கண்ட ஆயிலை ஊற்றக்கூடாது, அதற்கென்று உள்ளதைத்தான் ஊற்ற வேண்டும்.

டிசிடியில் இரண்டு கிளட்ச். ஒற்றைப்படைக் கியர்களுக்கு ஒன்று, இரட்டைப்படைக்கு ஒன்று. ஒன்று இழுக்கும்போதே அடுத்தது தயாராக நிற்கும், அதனால் மின்னல் வேகம். அதுவும் கிளட்ச்தான் என்பதை மறந்துவிடாதீர். நெரிசலில் ஊர்ந்தால் உலர்ந்த வகைக்குச் சூடு ஏறும். ஆயிலில் நனைந்த வகை அதைவிடத் தாங்கும்.

பெயரில் ஏமாறாதீர். ஏஜிஎஸ் என்றாலும் ஏஎம்டிதான். ஐவிடி என்றால் சிவிடி. டிசிஏ, டிஎஸ்ஜி எல்லாம் டிசிடி. ஐஎம்டி என்று ஒன்று உண்டு, அது ஆட்டோமேட்டிக்கே இல்லை; கிளட்ச் பெடல் இருக்காது, கியரை நீர்தான் போட வேண்டும். மாடல் பெயரை வைத்தும் முடிவு பண்ண முடியாது. நெக்ஸான் பெட்ரோலில் ஏஎம்டியும் உண்டு, டிசிடியும் உண்டு. 3எக்ஸ்ஓ பெட்ரோலில் டார்க் கன்வெர்ட்டர், டீசலில் ஏஎம்டி. பிரெஸ்ஸாவில் 6 கியர் டார்க் கன்வெர்ட்டர். பிராங்ஸ் 1.2-இல் ஏஎம்டி, அதே வண்டி டர்போவில் டார்க் கன்வெர்ட்டர். எலிவேட்டில் சிவிடி. வென்யூ டர்போவில் 7 கியர் டிசிடி.

இன்னொன்று. வெள்ளம் என்று சொன்னீரே. 2023-இல் தண்ணீர் வடிந்த பிறகு என் பட்டறைக்கு வந்த ஆட்டோமேட்டிக் வண்டிகளில் கியர் ஆயிலை இறக்கினால் பால் விட்ட டீ மாதிரி வந்தது. கியர்பாக்ஸுக்கு மூச்சுக்குழாய் உண்டு, அது வழியாகத் தண்ணீர் போய்விடும். உம்ம அப்பா கட்டின மூன்றடியை எந்தக் காரணத்துக்கும் இடித்துவிடாதீர் வே. ரேம்பை நீட்டலாம், உயரத்தைக் குறைக்க வேண்டாம்.


தென்காசி டு தாம்பரம்:

டிசிடி வைத்திருக்கிறேன். கோவில்பட்டி தாண்டி, கயத்தாறு தாண்டி, நாலுவழிச் சாலையில் காலை அமுக்கினால் கிடைக்கிற சந்தோஷத்தை வேறு எந்தக் கியர்பாக்ஸும் இந்த விலையில் தராது. இதைச் சொல்லிவிட்டு மற்றதையும் சொல்கிறேன். போன தீபாவளிக்கு முந்தின ராத்திரி பெருங்களத்தூரில் இரண்டு மணி நேரம் நத்தை மாதிரி ஊர்ந்தபோது "கியர்பாக்ஸ் சூடு, வண்டியை நிறுத்தவும்" என்று திரையில் வந்தது. பின்சீட்டில் மாமியார். நடுரோட்டில் எங்கே நிறுத்த? எந்தக் கம்பெனி என்று கேட்காதீர்கள். அண்ணாச்சி சொன்ன உலர்ந்த வகைதான்.

நான் தனியாக நெடுஞ்சாலையில் ஓட்டுகிறவன், எனக்குச் சரி. தினமும் பாலம், ரேம்ப் என்றால் வேண்டாம் மக்கா.


வள்ளியூர் டீச்சர்:

எல்லாவற்றையும் படித்தேன். ஒரு கேள்வி. வண்டியைத் தினமும் ஓட்டப் போகிறவர் உங்கள் மனைவி என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். நண்பர் வண்டியை ரேம்பில் ஏற்றியது யார்? நீங்கள்தானே? மதினியை ஓட்ட விட்டீர்களா?

நான் இரண்டரை வருடமாக சிவிடி ஓட்டுகிறேன். வள்ளியூரிலிருந்து நாகர்கோவில் பக்கம் தினமும் போய்வருகிறேன், சனிக்கிழமை திருநெல்வேலி. ஊருக்குள் லிட்டருக்கு 12, 13. நாலுவழிச் சாலையில் 80-ஐத் தாண்டாமல் போனால் 17 வருகிறது. பெட்ரோல் போடும்போதெல்லாம் நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன், என் வீட்டுக்காரர் சொல்வது போல் குத்துமதிப்பு இல்லை.

குறை என்று சொன்னால் சத்தம்தான். லாரியை முந்த அவசரமாக அமுக்கினால் முதலில் இன்ஜின் மிக்ஸி மாதிரி இரையும், வண்டி அதற்கப்புறம்தான் போகும். முதல் மாதம் எரிச்சலாக இருந்தது. பிறகு பாதி அமுக்கி, கொஞ்சம் முன்கூட்டியே கிளம்பப் பழகிவிட்டேன். ஆரியங்காவு இறக்கத்தில் ஒரு தடவை வழக்கமாக ஓட்டும் 'டி'-யிலேயே விட்டு பிரேக்கைச் சூடாக்கினேன், இப்போது இறக்கம் என்றால் இன்ஜினே வண்டியைப் பிடித்துக்கொள்ளும் 'எல்'-க்கு மாற்றிவிடுவேன். நெரிசலில் அது ஓடுகிற விதத்துக்கு எதையும் பொறுத்துக்கொள்ளலாம். முழங்கால் வலியோடு உட்கார்ந்திருக்கும் பெரியவருக்கு ஒரு குலுக்கல்கூடத் தெரியாது. என் மாமனார் நாங்குநேரி டோல்கேட் வரும் முன்னாலேயே தூங்கிவிடுவார்.

டிசிடியை விட்டு மற்ற மூன்று வகையையும் வீட்டுக்கே வரவழையுங்கள். டெஸ்ட் டிரைவ் என்று ஷோரூம் வாசலிலிருந்து பைபாஸில் ஒரு சுற்று சுற்றிக் காட்டுவார்கள், அதில் எல்லா வண்டியும் நல்ல வண்டிதான். உங்கள் ரேம்பில் ஏற்றுங்கள். ஏசி ஓட வேண்டும், அப்பா உட்பட ஐந்து பேரும் உட்கார வேண்டும், ஸ்டியரிங் மதினி கையில் இருக்க வேண்டும்.


மீனாட்சிபுரத்துக்காரன்:

டீச்சர், பிடித்துவிட்டீர்கள். ஓட்டியது நான்தான். மனைவி இதைப் படித்துவிட்டு உங்கள் ஊர் எது என்று கேட்டாள். ஞாயிற்றுக்கிழமை மூன்று வண்டி வருகிறது.


மீனாட்சிபுரத்துக்காரன்:

ஞாயிறு கதை. எந்த வண்டி எந்தக் கம்பெனி என்று எழுதவில்லை, வந்த பையன்கள் மூன்று பேரும் பாவம்.

முதலில் ஏஎம்டி. ஐந்து பேர், ஏசி. மனைவி அம்பைக்காரர் சொன்ன ஹேண்ட் பிரேக் வித்தையை அழகாகச் செய்தாள், பின்னால் ஒரு விரற்கடைகூட உருளவில்லை. முன்சக்கரம் மேலே ஏறியாயிற்று. பின்சக்கரம் இன்னும் சரிவில். மீதி நாலடியை ஊர்ந்து போக வேண்டும், அங்கேதான் தகராறு. விட்டால் நிற்கிறது, அமுக்கினால் பாய்கிறது. ஷோரூம் பையன் ஆட்டுரலுக்கு முன்னால் போய்க் கையை விரித்துக்கொண்டு நின்றுவிட்டான். "தம்பி நீங்க தள்ளிக்கோங்க, எனக்குப் பயமா இருக்கு" என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டாள்.

இரண்டாவது சிவிடி. ஏறியது தெரியவே இல்லை. அப்பா "ஏறியாச்சா?" என்று கேட்டார். ஆனால் வண்டி 4.3 மீட்டர். மூக்கு ஆட்டுரலைத் தொட்டும் பின்சக்கரம் சரிவிலேயே நின்றது. மனைவிக்கு இறங்க மனசில்லை. ஒரு நிமிடம் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டே உட்கார்ந்திருந்தாள்.

மூன்றாவது டார்க் கன்வெர்ட்டர், 4 மீட்டருக்கு ஒரு நூல் குறைவு. பிரேக்கிலிருந்து காலைத் தளர்த்தினாள். சரிவில் வண்டி அசையாமல் ஒரு கணம் நின்றது. ஆக்சிலேட்டரை லேசாகத் தொட்டாள். இன்ஜின் ஒரு சுருதி ஏறியது, வண்டி நடக்கத் தொடங்கியது; ஓடவில்லை, நடந்தது. மேல் விளிம்பில் அடி தட்டுமோ என்று நான் குனிந்து பார்த்தேன், நாலு விரல் இடைவெளி இருந்தது. முன்சக்கரம் சமதளம் வந்ததும் ஆக்சிலேட்டரை விட்டுவிட்டு பிரேக்கை மட்டும் வைத்தே மீதியை முடித்தாள். ஆட்டுரலுக்கு ஒரு சாண் இருந்தது. அப்பா கதவைத் திறந்து தானாகவே காலை வெளியே வைத்து எழுந்து நின்றார். அதை யாரும் எதிர்பார்க்கவில்லை. அவரும்தான்.

நான் ரேம்பை வைத்து முடிவு செய்தேன், மனைவி செய்த கணக்கு வேறு. அந்த வண்டியில் ஈரடுக்குப் பாலம் வரை போய்வந்தாள். ஏற்றத்தில் முன்னால் பஸ், பின்னால் முட்டிக்கொண்டு ஷேர் ஆட்டோ. அந்த இடத்தில் பத்து வருடமாக ஷேர் ஆட்டோவைக் கண்ணாடியில் பார்த்துக்கொண்டே இருப்பாளாம். "இன்னைக்கு நான் கண்ணாடியையே பார்க்கல" என்றாள். ஒன்றரை லட்சத்தைப் பற்றி அதற்கப்புறம் நான் பேசவில்லை. நிறத்தை மகள் முடிவு செய்தாள். புக்கிங் ஆகிவிட்டது, மூன்று வாரம் என்கிறார்கள்.

அப்புறம், நேற்று வேலைக்குப் போய்விட்டு வந்தால் போர்டிகோவில் ஆட்டுரலைக் காணோம். அம்மா தெருவில் போன இரண்டு பையன்களைக் கூப்பிட்டுக் கொல்லைப்புறத்துக்கு உருட்டிவிட்டாள். கிரைண்டர் வந்த நாளிலிருந்து அது சும்மாதான் கிடக்கிறதாம். "இத்தனை நாள் ஏன் சொல்லலை?" என்றால், "யாருலே என்கிட்ட கேட்டீங்க?" என்கிறாள். மனைவி என்னைப் பார்த்த பார்வையில் அந்த 4.3 மீட்டர் சிவிடி தெரிந்தது. புக்கிங்கை மாற்றலாமா என்று கேட்டேன். ஒரு நாள் யோசித்துவிட்டு, பள்ளிக்கூடத்தில் நிறுத்த சின்னதுதான் சௌகரியம், இதுவே இருக்கட்டும் என்றாள்.

அண்ணாச்சிக்கு ஒரு கேள்வி. இடம் கிடைத்தாலும் சில நாள் விருந்தாளி வண்டி உள்ளே நின்றால் எங்கள் வண்டியை ரேம்பிலேயே நிறுத்த வேண்டிவரும். 'பி'-யில் (பார்க்கிங்) போட்டுவிட்டு இறங்கினால் போதுமா?


பட்டறை அண்ணாச்சி:

போதாது. 'பி' என்பது உள்ளே ஒரு சின்ன கொக்கி, பல்லில் மாட்டிக்கொண்டு நிற்கும். மொத்தப் பாரத்தையும் அதன் மேல் விட்டால் மறுநாள் எடுக்கும்போது "டக்" என்று சத்தம் வரும், நாளாக ஆகத் தேயும். பிரேக்கை மிதித்தபடியே முதலில் 'என்' (நியூட்ரல்). அடுத்து ஹேண்ட் பிரேக். பிறகு கால் பிரேக்கைத் தளர்த்தி வண்டி ஹேண்ட் பிரேக்கில் உட்காருகிறதா என்று பாரும். உட்கார்ந்ததும் மறுபடி மிதித்து 'பி'. கிளம்பும்போது முதலில் 'பி'-யை எடும், ஹேண்ட் பிரேக்கைக் கடைசியில் விடும். இதை உமக்குச் சொல்லவில்லை வே, ஓட்டுகிறவரிடம் காட்டும்.